மெட்ராஸ், கையை நீட்டு

ஒளிப்பதிவுக்குப் புதிதாக வந்திருக்கும் தம்பிகளே, தங்கைகளே, நீங்கள் என்னிடம் கேட்கிற கேள்விகளைப் பார்த்தால் எனக்குக் கொஞ்சம் எரிச்சல்தான் வருகிறது. அந்தக் காலத்து ஜெர்மனியில் என்ன கேமரா, என்ன லென்ஸ், ஃபிலிமின் வேகம் எவ்வளவு என்று கேட்கிறீர்கள். அதெல்லாம் கைபேசியைத் தட்டினால் வந்துவிடும். எனக்கே மறந்துபோன எண்களைக்கூட அது ஞாபகம் வைத்திருக்கிறது. அது சொல்லாத ஒன்றை நான் சொல்கிறேன். கெட்டிக்காரரான ஒரு கேமராமேனுக்கு எடுத்ததெல்லாம் தப்பாக வந்துகொண்டிருந்தபோது, அவர் பக்கத்திலேயே நின்றிருந்த எனக்கு ஏன் என்று விளங்காமல் போன கதை. இப்போதே சொல்லிவிடுகிறேன், இந்தக் கதையில் நான் பெரும்பாலும் முழித்துக்கொண்டுதான் நிற்பேன்.

அறுபதுகளின் நடுவில் நான் ஹம்பேர்க் போய் இறங்கினேன். மெட்ராஸில் படித்த சினிமாத் தொழில்நுட்பப் படிப்பைக் காட்டி, அங்கே ஃபிலிம் கழுவும் ஒரு லேபில் பயிற்சிக்கு இடம் வாங்கியிருந்தேன். நாள் முழுக்க இருட்டில் ரசாயன வாடையோடு நிற்பது பிடிக்கவில்லை. எப்படியோ தாவிக் கேமரா பக்கம் வந்துவிட்டேன். வந்து சேர்ந்த இடம் ஒரு ஹங்கேரிக்காரரிடம். ஐம்பத்தாறில் புடாபெஸ்ட் தெருக்களில் ரஷ்ய டாங்கிகள் புகுந்தபோது, எல்லையை நடந்தே தாண்டி வந்த கூட்டத்தில் அவரும் ஒருவர். அங்கே பெரிய படங்கள் எடுத்தவர். இங்கே சலவைத்தூள் விளம்பரமும் தொலைக்காட்சி நாடகமும் எடுத்துக்கொண்டிருந்தார். அவர் பெயரை எழுதப்போவதில்லை. யூனிட்டில் எல்லாரும் அவரை மைஸ்டர் என்றார்கள். நம் ஊரில் மாஸ்டர் என்போமே, அதேதான். எனவே எனக்கு வாயில் சுலபமாக வந்தது.

அவர் என்னை மெட்ராஸ் என்று கூப்பிட்டார். நான் விருதுநகர்க்காரன். மெட்ராஸில் நான் இருந்தது படித்த வருஷங்கள் மட்டும்தான். இதை அவரிடம் பலமுறை சொல்லிப் பார்த்தேன். "விருது..." என்று ஆரம்பிப்பார், பாதியில் கைவிட்டு, "மெட்ராஸ் நல்ல பேர்தானே" என்பார். அவருடைய ஜெர்மன் ஓட்டை, என்னுடையது அதைவிட ஓட்டை. இரண்டு ஓட்டைகளும் எப்படியோ பொருந்திப்போயின. மற்றவர்களுக்கு விளங்காதது எங்களுக்குள் விளங்கும்.

அவரிடம் இரண்டு பழக்கங்கள் உண்டு. கதையே அவற்றில்தான் இருக்கிறது என்பதால் கவனமாகக் கேளுங்கள்.

முதலாவது, அவருடைய கண்கள். கழுத்தில் கறுப்புக் கயிற்றில் ஒரு சின்னக் கறுப்புக் கண்ணாடி தொங்கும். இடது கண்ணை மூடிக்கொண்டு, வலது கண்ணில் அதை வைத்துத்தான் வெளிச்சம் பார்ப்பார். கேமராவிலும் வலது கண்தான். இதில் என்ன அதிசயம், பாதிப் பேர் அப்படித்தானே என்பீர்கள். மைஸ்டர் ஒரு படி மேலே போனார். எடுத்த படத்தை மறுநாள் தியேட்டரில் போட்டுப் பார்ப்போமே, அந்த ரஷ்ஷைக்கூட இடது கண்ணை மூடிக்கொண்டுதான் பார்ப்பார். "படத்துக்கு வலது. மத்ததுக்கெல்லாம் இடது. ரெண்டையும் கலக்கக் கூடாது" என்பார். ஒற்றைக் கண்ணோடு அவர் தியேட்டரில் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துப் புதியவர்கள் சிரிப்பார்கள். பிறகு அவர்களும் அப்படியே உட்கார ஆரம்பிப்பார்கள்.

இரண்டாவது பழக்கம், என் கை. நான் சேர்ந்த புதிதில் ஒரு நாள், நடிகைக்குப் பதிலாக லைட்டுக்கு நிற்கும் பெண் காபி குடிக்கப் போயிருந்தாள். மைஸ்டர் என் மணிக்கட்டைப் பிடித்து, நடிகையின் முகம் வரவேண்டிய இடத்தில் என் புறங்கையை நீட்டிவைத்தார். கறுப்புக் கண்ணாடி வழியாகக் கொஞ்ச நேரம் பார்த்தார்.

"இந்த ஊர்க்காரங்க தோல் எந்த வெளிச்சம் விழுந்தாலும் பேசாம வாங்கிக்குது. உன் கை பதில் சொல்லுது" என்றார்.

பெருமைப்படுவதா கோபப்படுவதா என்று தெரியவில்லை. ஊரில் என் நிறத்தைச் சொல்லிப் பெண் கொடுக்க யோசித்தவர்கள் உண்டு. இங்கே ஒருவர் அதைக் கருவியாகவே ஆக்கிவிட்டார். அன்றிலிருந்து ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால், "மெட்ராஸ், கையை நீட்டு" என்பார். நீட்டுவேன். பார்ப்பார். லைட்டை அரை அடி தள்ளச் சொல்வார், அல்லது தலையசைப்பார். மற்ற யூனிட்டுகளில் சாம்பல் நிற அட்டை வைத்துப் பார்ப்பார்கள். எங்கள் யூனிட்டில் அட்டை பெட்டிக்குள் தூங்கியது.

அறுபதுகள் முடியப்போகும் சமயம் அவருக்குப் பெரிய படம் ஒன்று வந்தது. ஜெர்மனியில் அவருக்குக் கிடைத்த முதல் வண்ணத் திரைப்படம், அதுவரை இங்கே எடுத்ததெல்லாம் கறுப்பு வெள்ளை. கதாநாயகி, ஒரு காலத்தில் கொடிகட்டிப் பறந்து, இப்போது நாற்பதைத் தாண்டியிருந்த ஒரு நட்சத்திரம். வீடு, கணவன், தனிமை என்று ஒரு கதை. இது நன்றாக வந்தால் மைஸ்டர் மறுபடியும் தன் உயரத்துக்குப் போய்விடுவார். சொதப்பினால் சலவைத்தூள்தான். அவருடைய வயதில் மூன்றாவது வாய்ப்பு வராது என்று அவருக்கும் தெரியும், எனக்கும் தெரியும்.

முதல் வாரத்து ரஷ் நீலமாக வந்தது.

நீலம் என்றால் லேசாக அல்ல. அந்த அம்மாளின் முகம் ஆற்றிலிருந்து எடுத்துப் போட்ட பிணத்தின் முகம்போல இருந்தது. தியேட்டரில் விளக்குப் போட்டதும் எல்லாரும் தரையைப் பார்த்தார்கள். மைஸ்டர் மட்டும் இடது கண்ணைத் திறந்து, திருப்தியாகக் கைகளைத் தேய்த்துக்கொண்டார்.

"நல்லா வந்திருக்கு. சுத்தமான வெள்ளை" என்றார்.

நான் அவரைப் பார்த்தேன். கிண்டல் செய்கிறாரோ என்று தோன்றியது. அவர் கிண்டல் செய்கிறவர்தான், ஆனால் தன் வேலையில் அல்ல.

புரொடக்ஷன் மேனேஜர் லேபைப் பிடித்து உலுக்கினார். அங்கே நான் வேலை பார்த்திருந்ததால் என்னையும் கூட்டிக்கொண்டு போனார். அவர்கள் எல்லாவற்றையும் அளந்து காட்டினார்கள். இயந்திரம் சரி, ரசாயனம் சரி, வேறொரு கம்பெனியின் படம் அதே தொட்டியில் கழுவப்பட்டு ரோஜாப்பூவாக வந்திருந்தது. ஃபிலிமை மாற்றினோம். லைட்டுகளுக்குப் பல்பு மாற்றினோம். ஒரு நாள் லென்ஸைக்கூட மாற்றினோம். எல்லாம் மாற்றியும் அந்த அம்மாள் முகம் நீலமாகத்தான் வந்தது.

இந்தக் குழப்பத்தில் இன்னொரு குழப்பம், டைரக்டர். இளைஞர், தாடி வைத்தவர், பழைய ஜெர்மன் சினிமாவைக் கொளுத்த வேண்டும் என்று பேசுகிறவர். அவருக்கு அந்த நீலம் பிடித்துவிட்டது. "இதுதான் அவளோட தனிமை. இந்தக் குளிர்ச்சிய நான் சொல்லாமலே மைஸ்டர் புரிஞ்சுக்கிட்டார்" என்றார். மைஸ்டருக்கு அவர் எதைப் புகழ்கிறார் என்றே தெரியவில்லை. இருந்தாலும் புகழ்ச்சியை யார் வேண்டாம் என்பார்கள், நன்றி சொன்னார். மேனேஜர் தலையில் அடித்துக்கொண்டார். அந்த அம்மாள் மட்டும் எழுந்து வெளியே போனார். மறுநாள் அவர் ஏஜென்ட் தொலைபேசியில் சொன்னாராம், இப்படியே போனால் அவர் படத்தைவிட்டு விலகிக்கொள்வார் என்று.

செட்டில் நான் பார்த்தது இன்னும் விசித்திரமாக இருந்தது. மைஸ்டர் என் கையைப் பார்ப்பார், முகம் சுளிப்பார், லைட்டில் நீல ஜெலட்டின் பேப்பர் மாட்டச் சொல்வார். மறுபடி பார்ப்பார், இன்னொரு பேப்பர். வேண்டாம் மைஸ்டர், நேற்றே நீலமாக வந்தது என்று ஒருமுறை சொல்லிவிட்டேன்.

"நேத்து வெள்ளையாத்தான் வந்துச்சு. உனக்கு என்ன ஆச்சு?" என்றார்.

எனக்கு என்ன ஆயிற்று என்று நானும் யோசித்தேன். மேனேஜருக்கு நீலமாகத் தெரிகிறது. டைரக்டருக்குத் தனிமையாகத் தெரிகிறது. மைஸ்டருக்கு வெள்ளையாகத் தெரிகிறது. இவர்களில் அதிகம் பார்த்த கண் மைஸ்டருடையது. அப்படியானால் எங்கள் எல்லாருக்கும்தான் ஏதோ கோளாறா? சிரிக்காதீர்கள். உங்களைவிட நூறு மடங்கு தெரிந்த ஒருவர் அடித்துச் சொல்லும்போது, உங்கள் கண்ணையே நீங்கள் நம்பமாட்டீர்கள்.

அதற்கடுத்த நாள் அவர் வழக்கம்போலக் கையை நீட்டச் சொன்னார். கண்ணாடி வழியாகப் பார்த்தவர் கண்ணாடியைக் கீழே விட்டார். ஆனால் இடது கண்ணைத் திறக்கவில்லை. என் கையைத் தன் முகத்துக்குக் கிட்டத்தில் கொண்டுபோனார்.

"மெட்ராஸ், உனக்கு மஞ்சள் காமாலையா?"

சாப்பாட்டு நேரத்தில் கேன்டீனில் எதிரே உட்கார்ந்திருந்தார். சூப்பைக் கிண்டிக்கொண்டே என் கையை மறுபடி பார்த்தார்.

"இப்போ நல்லா இருக்கே. வந்து வந்து போகுதா? எதுக்கும் டாக்டரப் பாரு" என்றார்.

வந்து வந்து போகிற காமாலையை நான் கேள்விப்பட்டதில்லை. எனக்குத் தெரிந்த ஒரே டாக்டர் எஸ்தர் அக்கா. தரங்கம்பாடிக்காரர், பல்கலைக்கழக மருத்துவமனையின் கண் பிரிவில் ஆராய்ச்சி செய்துகொண்டிருந்தார். அவர் குடும்பத்துக்கும் லைப்சிக் பாதிரிமார்களுக்கும் தலைமுறைப் பழக்கம். ஜெர்மனி என்றால் லைப்சிக் என்று நினைத்து வளர்ந்தவர், இங்கே வந்தால் லைப்சிக் சுவருக்கு அந்தப்பக்கம், கிழக்கு ஜெர்மனியில் இருந்தது. எனவே ஹம்பேர்க்கில் இருந்துகொண்டு லைப்சிக்கைப் பற்றிப் பேசுவார். கண் டாக்டரிடம் காமாலைக்குப் போவது முறையா என்று தெரியவில்லை. டாக்டர் என்றால் எல்லாம் தெரியும் என்பது நம் ஆள்களின் எண்ணம், எனக்கும் அதே எண்ணம்.

அவர் என்னை ஜன்னல் பக்கம் திருப்பி, கீழ் இமையை இழுத்துப் பார்த்தார். நாக்கை நீட்டச் சொன்னார்.

"ஒண்ணும் இல்லப்பா. கண்ணு வெள்ளையா இருக்கு. பசி எடுக்குதா?"

"நல்லா எடுக்குது."

"அப்புறம் எவன் சொன்னான் உனக்கு ஜான்டிஸ்னு?"

சொன்னேன். மைஸ்டரின் வழக்கத்தைச் சொன்னேன், படத்துக்கு வலது, மற்றதற்கு இடது. காலையில் மஞ்சளாக இருந்த கை மத்தியானம் சரியானதைச் சொன்னேன். நீல ரஷ்ஷைப் பற்றியும் கூடவே புலம்பினேன். எஸ்தர் அக்கா பேனாவைக் கீழே வைத்துவிட்டு என்னையே பார்த்தார்.

"கேன்டீன்ல அவர் ரெண்டு கண்ணாலயும் பாத்தாரா?"

"ஆமா."

"அப்போ உன்னை எதுக்கு டெஸ்ட் பண்ணணும்? அவரைக் கூட்டிட்டு வா. ரைட் ஐல கேட்டராக்ட் இருக்கும். லென்ஸ் பழுத்து மஞ்சளாயிருக்கும். டீ டிகாக்ஷன் வழியா பாக்கற மாதிரி. ஸ்லோவா வர்றதால அவருக்கே தெரியாது. மஞ்சளைப் போக்க நீலத்தைச் சேக்கறார். அந்தக் கண்ணாலயே ஸ்கிரீனையும் பாத்தா அவருக்கு வெள்ளையாத்தானே தெரியும்?"

"இடது கண்ணு?"

"அது நல்லா இருக்கும் போல. ஆனா அதைத்தான் அவர் எதுவும் கேக்கறதில்லையே."

மருத்துவமனைப் படிக்கட்டில் அப்படியே உட்கார்ந்துவிட்டேன். குழப்பம் தெளிந்தால் நிம்மதி வரவேண்டும். எனக்குப் பயம்தான் வந்தது. கண்ணில் புரை என்று ஒரு வார்த்தை வெளியே கசிந்தால் எந்தக் கம்பெனி அவரிடம் கேமராவைக் கொடுக்கும்? கண் ஆப்பரேஷன் செய்துகொண்ட கேமராமேன், நொண்டிக் குதிரை, இரண்டும் அன்றைக்கு ஒன்றுதான். அதே சமயம் சும்மா இருந்தால் அந்த அம்மாள் போய்விடுவார், படம் நின்றுவிடும், பழி மைஸ்டர் தலையில்தான் விழும். சொன்னாலும் போனார், சொல்லாவிட்டாலும் போனார்.

மறுநாள் மத்தியானம் மேனேஜர் என்னைத் தன் அறைக்குக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார். நல்ல மனிதர்தான். ஆனால் அவருடைய கழுத்திலும் கத்தி இருந்தது.

"எப்பவும் அவர் பக்கத்துல நிக்கறது நீங்கதான். அவர் கண்ணுல ஏதாவது பிரச்சினையா?"

நான் சாத்திய கதவைத் திரும்பிப் பார்த்தேன்.

"இருந்தா சொல்லிடுங்க. மிச்சப் படத்த நீங்களே எடுக்கலாம். அவரோட லைட்டிங் உங்களுக்கு அத்துப்படி. டைரக்டர்கிட்ட நான் பேசறேன்."

தம்பிகளே, அந்த நொடியில் எனக்கு ஆசையே வரவில்லை என்று சொன்னால் அது சுத்தப் பொய். வெளிநாட்டில் ஒரு முழு வண்ணப்படம், டைட்டிலில் என் பெயர் தனி அட்டையில். நான் செய்யவேண்டியது இல்லாததைச் சொல்வதுகூட அல்ல, உண்மையைச் சொல்வதுதான். உண்மையைச் சொல்வது இவ்வளவு லாபமாக இருந்ததால்தான் எனக்குச் சந்தேகம் வந்தது. அதைக் கேட்கவேண்டிய முதல் ஆள் இவர் இல்லை என்று தோன்றியது. அது தர்ம சிந்தனையா, அல்லது வெறும் பயமா என்று இன்றைக்கும் எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை.

"நாளைக்குச் சாயங்காலம் சொல்றேன்" என்றேன்.

அவர் சரி என்றார்.

ஸ்டூடியோவிலிருந்து நானும் மைஸ்டரும் தினமும் ஒன்றாகத்தான் எஸ்-பான் மின்ரயிலில் திரும்புவோம். கோடை தொடங்கியிருந்தது. சாயங்கால வெயில் ரயில் பெட்டிக்குள் நேராக விழுந்துகொண்டிருந்தது. எப்படி ஆரம்பிப்பது என்று மூன்று நான்கு வாக்கியங்களை ஜெர்மனில் கட்டிப் பார்த்தேன். எல்லாமே இடிந்து விழுந்தன. கடைசியில் வாக்கியமே வேண்டாம் என்று, அவர் கேட்காமலே கையை நீட்டினேன்.

"மைஸ்டர், வலது கண்ணால பாருங்க."

அவருக்கு வேடிக்கையாக இருந்தது. இடது கண்ணை மூடிப் பார்த்தார்.

"காமாலை இன்னும் போகலையே."

"இப்போ வலத மூடிட்டு இடதால பாருங்க."

மாற்றினார். சிரிப்பு நின்றது. மறுபடி மாற்றினார். மறுபடியும். கிராமபோன் முள்ளை அதே இடத்தில் எடுத்து எடுத்து வைப்பதுபோல, வலது, இடது, வலது, இடது. எதிரே உட்கார்ந்திருந்த பெண்மணி பார்வையை ஜன்னலுக்குத் திருப்பிக்கொண்டார். ஒருவர் கையை நீட்ட, இன்னொருவர் அதைப் பார்த்துக் கண்ணடித்துக்கொண்டே இருக்கிறார் என்றால் யாரும் அப்படித்தான் செய்வார்கள்.

"இதுல எது உன் கை?" என்றார் மைஸ்டர்.

எஸ்தர் அக்கா சொன்னதைச் சொன்னேன். நாங்கள் இறங்கவேண்டிய நிலையம் வந்தது, போனது. இருவரும் எழுந்திருக்கவில்லை. கடைசி நிலையம்வரை போனோம். அங்கே எல்லாரும் இறங்கிய பிறகுதான் பேசினார்.

"புடாபெஸ்ட்ல இருந்து நான் எடுத்துட்டு வந்தது இந்த ஒரு கண்ணுதான். இன்னொண்ண நான் கணக்குலயே வைக்கல."

எனக்கு அழுகை வந்தது. அதை மறைக்க, யோசித்து வைத்திருந்த திட்டத்தை மளமளவென்று சொன்னேன். ஜெலட்டின் பேப்பர் பழையது, சாயம் மாறியிருந்தது என்று மேனேஜரிடம் நான் சொல்லிவிடுகிறேன். நாளையிலிருந்து நீங்கள் இடது கண்ணால் பாருங்கள். படம் முடிந்ததும் ஆப்பரேஷன். ஒருவருக்கும் தெரியவேண்டாம். நல்ல திட்டம் என்றுதான் இப்போதும் நினைக்கிறேன். மைஸ்டர் முழுவதையும் கேட்டுவிட்டு, "காலையில பாக்கலாம்" என்று மட்டும் சொன்னார்.

காலையில் அவர் மேனேஜரிடமும் போகவில்லை, டைரக்டரிடமும் போகவில்லை. நேராக அந்த அம்மாளின் ஒப்பனை அறைக்குப் போனார். என்னையும் கூட வரச் சொன்னார், ஏன் என்று சொல்லவில்லை. கதவைத் தட்டும்போதுதான் எனக்குப் புரிந்தது. சட்டையைப் பிடித்து இழுக்கலாமா என்று நினைப்பதற்குள் கதவு திறந்துவிட்டது.

அவர் உட்காரவில்லை. "என் வலது கண்ணு கெட்டுப்போச்சு. எனக்கே நேத்துதான் தெரியும். இத்தன நாளா உங்க முகத்துக்கு நான் தப்பா லைட் பண்ணியிருக்கேன். இடது கண்ணு நல்லா இருக்கு, ஆனா அதுக்கு இந்த வேலை பழக்கமில்ல. நான் போகணும்னா சொல்லுங்க, இன்னிக்கே போயிடறேன்" என்றார்.

அந்த அம்மாள் பாதி ஒப்பனையில் இருந்தார். கண்ணாடியில் எங்களைப் பார்த்தார், திரும்பவில்லை. நான் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். எல்லாம் முடிந்தது என்று நினைத்தேன். இந்த மனிதருக்கு என்ன பைத்தியமா, தன்னை விரட்டுவதற்கு அதிகக் காரணம் உள்ளவரிடமே வந்து சொல்கிறாரே என்று எனக்குக் கோபம்கூட வந்தது.

"முகம் என்னோடது. அதனால எங்கிட்ட முதல்ல சொல்றீங்க. சரியா?" என்றார் அந்த அம்மாள்.

"ஆமா."

"நான் ஏன் எப்பவும் தலைய ஒரு பக்கமா சாய்ச்சுக்கிட்டு வசனத்தக் கேக்கறேன் தெரியுமா?"

தெரியாதவர்கள் உண்டா? அந்தச் சாய்வுக்காகவே அவருக்கு ரசிகர்கள் இருந்தார்கள். பத்திரிகைகளில் அதைப் பற்றி எழுதுவார்கள்.

"அந்தப் பக்கத்துக் காது எனக்குக் கேக்காது. சண்டைக் காலத்துல ஹம்பேர்க்ல குண்டு விழுந்தப்போ போனது. என் புருஷனைத் தவிர யாருக்கும் தெரியாது. இப்போ உங்களுக்கும் தெரியும்." பிறகுதான் திரும்பி எங்களைப் பார்த்தார். "போய் லைட் பண்ணுங்க. மேனேஜர நான் பாத்துக்கறேன்."

அவர் மேனேஜரிடம் என்ன சொன்னார் என்று எனக்குத் தெரியாது. அன்று சாயங்காலம் நான் மேனேஜர் அறைக்குப் போனபோது, என்ன விஷயம் என்று என்னையே கேட்டார். ஒன்றுமில்லை என்று சொல்லித் திரும்பிவிட்டேன்.

மிச்சப் படத்தை மைஸ்டர் இடது கண்ணால் எடுத்தார். முதல் சில நாள் குழந்தை நடை பழகுவதுபோலத்தான் இருந்தது. பழக்க தோஷத்தில் கறுப்புக் கண்ணாடி வலது கண்ணுக்கே போகும், திட்டிக்கொண்டே மாற்றுவார். ரஷ் நன்றாக வந்தது. அந்த அம்மாளின் முகத்தில் இரத்தம் ஓடியது. எடுத்ததையெல்லாம் திரும்ப எடுக்க வசதியில்லாததால் முன்பாதியில் நீலம் நிறையத் தங்கிவிட்டது. படம் வெளியானதும் விமர்சகர்கள் எழுதினார்கள், கதாநாயகியின் உறைந்துபோன மனம் மெல்ல மெல்லச் சூடாவதை வண்ணத்தாலேயே சொல்லியிருக்கிறார்கள் என்று. டைரக்டர் பேட்டிகளில் அதை விளக்கினார். மைஸ்டருக்கு ஒரு பரிசுகூடக் கிடைத்தது. இதிலிருந்து நீங்கள் என்ன பாடம் கற்றுக்கொள்ளவேண்டும் என்று தயவுசெய்து என்னைக் கேட்காதீர்கள். இத்தனை வருஷம் யோசித்தும் எனக்குக் கிடைக்கவில்லை.

பிறகு ஆப்பரேஷன் நடந்தது. அந்தக் காலத்தில் தலையை அசைக்காமல் நாள்கணக்கில் படுக்கவேண்டும். கட்டு அவிழ்த்த பிறகு நானும் எஸ்தர் அக்காவும் பார்க்கப் போனோம். ஒரு பக்கம் மட்டும் பாட்டில் அடிபோலத் தடித்த கண்ணாடி மாட்டியிருந்தார். இரண்டு கண்ணையும் ஒன்றாகத் திறந்தால் உலகமே இரண்டாகத் தெரிகிறது என்றார். ஆகவே ஒரு நேரத்தில் ஒரு கண்தான். அதில் அவருக்குக் கஷ்டம் இருக்கவில்லை, பழக்கப்பட்டதுதானே.

"மெட்ராஸ், கையை நீட்டு."

நீட்டினேன். புதுக் கண்ணால் பார்த்தார், பழைய கண்ணால் பார்த்தார். முகம் வாடிவிட்டது.

"இப்போ இந்தக் கண்ணுக்கு நீ நீலமா இருக்கே. இடதுக்கு மஞ்சளா தெரியுது. அது நல்ல கண்ணுன்னு சொன்னீங்களே?"

எஸ்தர் அக்காவின் மருத்துவ ஜெர்மன் மைஸ்டருக்கு விளங்கவில்லை, அதனால் எனக்குத் தமிழில் சொன்னார், நான் அவருக்குச் சொன்னேன். வயதானால் எல்லார் கண்ணிலும் கொஞ்சம் மஞ்சள் ஏறும். லென்ஸையே எடுத்துவிட்ட கண்ணுக்கு நீலம் அதிகமாகத் தெரியும். இரண்டுமே கோளாறு இல்லை, இரண்டுமே அப்படித்தான்.

"அப்போ உண்மையான நிறம் எதுன்னு கேளு" என்றார் மைஸ்டர்.

கேட்டேன். எஸ்தர் அக்கா ஏதோ சொல்ல வாயெடுத்து, பிறகு தோளைக் குலுக்கினார். அதை நான் மொழிபெயர்க்க வேண்டியிருக்கவில்லை.

எழுபதுகளின் தொடக்கத்தில் அதே அம்மாள் மைஸ்டரைத் தன் அடுத்த படத்துக்குக் கேட்டு வாங்கினார். துறைமுகத்தில் ஒரு காலை. அந்த அம்மாள் கரையில் நிற்க, பின்னால் ஒரு பெரிய கப்பல் நகர்ந்து போகவேண்டும். அது எங்கள் கப்பல் அல்ல, நிஜமாகவே கிளம்புகிற சரக்குக் கப்பல். எங்களுக்காகத் திரும்பி வராது. பனி மூட்டத்துக்குள் வெயில் ஏறிக்கொண்டிருந்தது, நிமிஷத்துக்கு நிமிஷம் நிறம் மாறியது. அவர் முகத்துக்கு ஒரு லைட் வைத்திருந்தோம். அதை அப்படியே விடுவதா, பேப்பர் மாட்டுவதா என்று முடிவு செய்யவேண்டும். கப்பல் சங்கு ஊதிவிட்டது.

"மெட்ராஸ், கையை நீட்டு."

அந்த அம்மாளின் கன்னத்துக்குப் பக்கத்தில் நீட்டினேன். மைஸ்டர் வலது கண்ணால் பார்த்தார். இடது கண்ணால் பார்த்தார். பிறகு கழுத்திலிருந்து கறுப்புக் கண்ணாடியைக் கழற்றி என் இன்னொரு கையில் வைத்தார்.

"ஒண்ணு நீலம்ங்குது, இன்னொண்ணு மஞ்சள்ங்குது. நீ பாத்துச் சொல்லு."

நான் என் கையைப் பார்த்தேன். எத்தனையோ வருஷமாக நான்தான் அதை நீட்டிக்கொண்டிருந்தேன், ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. பார்ப்பது அவர் வேலை என்று இருந்துவிட்டேன். அது என்ன நிறம் என்று எனக்குத் தெரியவில்லை. பழுப்பு என்று சொல்லலாம். ஆனால் எந்தப் பழுப்பு, எப்படி இருந்தால் அது சரி? ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்னால் இந்த மனிதர் தனியாக எதைத் தூக்கிச் சுமந்தார் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. யூனிட் மொத்தமும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தது. அந்த அம்மாள் தலையைச் சாய்த்து, நான் சொல்லப்போவதைக் கேட்கக் காத்திருந்தார். கப்பல் நகர ஆரம்பித்துவிட்டது.

"சரியா இருக்கு, மைஸ்டர்" என்றேன்.

அவர் மறுபடி பார்க்கவில்லை. என்னிடம் ஒரு வார்த்தையும் கேட்காமல் கேமராவை ஓட்டச் சொன்னார்.

மறுநாள் ரஷ் பார்க்கும்போது அவர் என் பக்கத்தில்தான் உட்கார்ந்திருந்தார். துறைமுகம் வந்தது, முகம் வந்தது, கப்பல் கடந்து போனது. யாரும் குறை சொல்லவில்லை. நான் மெதுவாக அவரைத் திரும்பிப் பார்த்தேன். இரண்டு கண்களையும் மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்.